கேட்கும் முகம்

கருவடிக்குப்பம் சுடுகாட்டுக்குச் சாவுக்குப் போனதைவிடச் சும்மா போனதுதான் எனக்கு அதிகம். வீட்டில் சொல்லிவிட்டுப் போக முடியாது. "காலங்காத்தால அங்க என்ன வேலை உங்களுக்கு?" என்பாள். முத்தியால்பேட்டைப் பக்கம் நடந்துவிட்டு வந்தேன் என்று பாதி உண்மையைச் சொல்லி வைப்பேன்.

உள்ளே சங்கரதாஸ் சுவாமிகளின் சமாதி. தமிழ் நாடகத்துக்குத் தலைமையாசிரியர் என்று பெயர் வாங்கியவர், தூத்துக்குடிச் சீமையில் காட்டுநாயக்கன்பட்டியில் 1867-ல் பிறந்து, இங்கே, பிரெஞ்சுக்காரன் ஆண்ட ஊரில், 1922 நவம்பர் 13 அன்று கண்ணை மூடினார். குருபூஜை நாளில் நாடகக்காரர்கள் வருவார்கள், மாலை போடுவார்கள், பாடுவார்கள். மற்ற நாட்களில் காக்கைகள்தான். எனக்கு மற்ற நாட்கள் பிடிக்கும்.

*

சுவாமிகள் வாத்தியார் ஆவதற்கு முன்னால் நடிகர். ராஜபார்ட் அல்ல. எமன், இரணியன், இராவணன், சனீசுவரன். கதாநாயகனுக்குக் கெடுதல் செய்ய வருகிறவர்கள் எல்லாம் அவர் பங்கு. நளன் கதையில் அவர் கட்டிய சனீசுவரன் வேடத்தை விடியற்காலையில் கலைப்பதற்குமுன் பார்த்துவிட்ட ஒரு பெண் பயத்தில் உயிரை விட்டாள் என்றும், எமன் வேடத்தைப் பார்த்த ஒரு கர்ப்பிணிக்குக் கரு கலைந்தது என்றும் நாடகக்காரர்கள் வழிவழியாகச் சொல்லும் கதை உண்டு. அதற்குப் பிறகு அவர் முகத்தில் அரிதாரம் பூசவில்லையாம். எழுதவும் சொல்லிக் கொடுக்கவும் உட்கார்ந்தார்.

கதை எவ்வளவு உண்மையோ, போகட்டும். என்னை நிறுத்துவது வேறு. நளனாக நடித்தவன் பெயர் அந்தக் கதையில் இல்லை.

*

'குணச்சித்திர நடிகர்' என்ற சொல்லை யார் முதலில் கட்டினார்களோ, நல்ல காது உள்ளவர். ஆங்கிலத்தில் கேரக்டர் ஆக்டர் என்கிறார்கள். எங்கள் ஊர் சொல்தா வீட்டுப் பெரியவர் ஒருவர், பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்து பென்ஷன் வாங்கியவர், 'செகோன் ரோல்' என்பார். இரண்டாம் வேடம். பிரெஞ்சுக்காரன் எண்ணிக்கையில் வைக்கிறான்: இவர் முதல், அவர் இரண்டாவது. தமிழ் அப்படி எண்ணவில்லை, சித்திரம் என்கிறது. குணத்தைக் கோடு கோடாக இழுத்துக் காட்டுகிறவர். அப்படியானால் கதாநாயகனுக்குக் குணம் வேண்டாமா என்று கேட்கத் தோன்றும். நம் சினிமாவைப் பார்த்தால் அவசியம் இல்லைதான்.

*

1918-ல் மதுரையில் சுவாமிகள் சிறுவர்களை வைத்துத் தத்துவ மீனலோசனி வித்துவ பாலசபை தொடங்கினார். பெரிய நடிகர்கள் குடித்துவிட்டு வருவதும், வராமலே போவதும், மேடையில் வாய்க்கு வந்ததைப் பேசுவதும் பொறுக்காமல்தான் பிள்ளைகளிடம் போனார் என்பார்கள். அந்தப் பிள்ளைகளில் நான்கு பேர் அண்ணன் தம்பிகள்: சங்கரன், முத்துசாமி, சண்முகம், பகவதி. பின்னாளில் டி.கே.எஸ். சகோதரர்கள். சின்னப் பையன் சண்முகத்துக்காக ஒரே இரவில் 'அபிமன்யு சுந்தரி'யை எழுதி முடித்தார் சுவாமிகள்.

பிறகு பக்கவாதம். 1921. கை கால் விழுந்தது, நாக்கும் விழுந்தது. கம்பெனி ஊர் ஊராகப் போயிற்று. பேச முடியாதவரையும் கூடவே அழைத்துப் போனார்கள். கடைசி ஊர் புதுச்சேரி.

பாட்டும் வசனமும் அருவியாகக் கொட்டிய மனிதர், தான் எழுதியதைப் பிள்ளைகள் பேசக் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். ஒருவன் ஒரு சொல்லை விழுங்குகிறான். திருத்த நாக்கு வராது. அப்போது அந்த முகம் எப்படி இருந்திருக்கும்? சமாதிக்கு எதிரே நிற்கும்போதெல்லாம் இந்த ஒரு கேள்விதான் எனக்கு வருகிறது. மேடையில் பயங்கரத்துக்குப் பெயர் போன முகம், கடைசி நாட்களில் கேட்பதற்கு மட்டும் இருந்தது.

*

மகரக்கட்டு. இந்தச் சொல்லை இப்போது யாரும் சொல்வதில்லை. பையனுக்குக் குரல் உடைவது. பாய்ஸ் கம்பெனிக்கு அது சாவு மாதிரி. நேற்றுவரை ஸ்திரீபார்ட் கட்டிக் கைதட்டல் வாங்கியவனுக்கு இன்று காலையில் தொண்டையில் கரகரப்பு. அவ்வளவுதான், புடவை வேறொருவனுக்குப் போய்விடும். பாட்டு வராத ராஜாவை அந்தக் காலத்தில் யாரும் ராஜா என்று ஒப்புக்கொள்ள மாட்டார்கள். குரல் திரும்பினால் அயன் ராஜபார்ட். திரும்பாவிட்டால் மந்திரி, சேவகன், முனிவர், பபூன்.

நம்முடைய பெரிய குணச்சித்திர நடிகர்கள் பாதிப் பேர் இந்தக் கரகரப்பில் பிறந்தவர்கள் என்று எனக்குத் தோன்றும். ஆராய்ச்சி இல்லை, தோன்றல்தான். பாட்டுப் போன இடத்தில் வேறு எதையாவது வைத்தாக வேண்டும். நடை, தோள், கண், கைத்தடியைப் பிடிக்கும் பிடி. இன்னொன்றும் உண்டு. மற்றவன் பாடும்போது பக்கத்தில் நிற்பது.

*

எனக்கும் ஒரு நாடக அனுபவம் இருக்கிறது. பாகூர்ப் பக்கத்துப் பள்ளிக்கூடத்தில், ஆண்டு விழாவில், அரண்மனைக் காவலன். வசனம் கிடையாது. அட்டையில் செய்த ஈட்டி, மூங்கில் கழி. ராஜாவாக வந்தவன் நன்றாகப் பேசினான். ஒத்திகையில் தமிழ் ஐயா திடீரென்று அவனை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். "டேய், அவன் பேசறப்ப நீ எங்கடா பாக்கறே?"

"சும்மாதான் நிக்கறேன் ஐயா."

"அதான் தப்பு. அவன் ராஜாங்கறது உன் மூஞ்சியிலதான்டா இருக்கு."

ஐம்பது வருஷம் ஆகப்போகிறது. அன்று அவர் சொன்னது விளங்கவில்லை. ஈட்டி கனத்தது மட்டும் நினைவிருக்கிறது.

*

எஸ்.வி. சகஸ்ரநாமம். இந்த நோட்டை எடுத்ததே இவருக்காகத்தான், இவ்வளவு தூரம் சுற்றிவிட்டேன்.

கோயம்புத்தூர் சிங்காநல்லூரில் 1913-ல் பிறந்தவர். சுவாமிகள் இறந்தபோது ஏறத்தாழ ஒன்பது வயது, பார்த்திருக்க வாய்ப்பில்லை. ஆனால் சுவாமிகளின் பிள்ளைகளிடம் போய்ச் சேர்ந்தார். டி.கே.எஸ். சகோதரர்கள் 1925-ல் தொடங்கிய மதுரை பால சண்முகானந்த சபையில் சிறுவனாக நுழைந்தார். கருவடிக்குப்பத்தில் படுத்திருப்பவருக்குப் பேரப் பிள்ளை முறை என்று வைத்துக்கொள்ளலாம். 1935-ல் அதே கம்பெனியின் 'மேனகா' நாடகம் ராஜா சாண்டோ இயக்கத்தில் சினிமாவானபோது இவரும் படத்தில் இருந்தார். கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணன் சினிமாவுக்கு வந்ததும் அந்தப் படத்தோடுதான்.

பிறகு ஒரு காரியம் செய்தார், எனக்கு அது ஒரு வேடமாகவே படுகிறது. லட்சுமிகாந்தன் கொலை வழக்கில் கலைவாணர் சிறைக்குப் போனார். அவர் பெயரில் ஒரு நாடக சபை, அதை நம்பி அத்தனை குடும்பங்கள். முதலாளி இல்லாத வீட்டைச் சகஸ்ரநாமம் எடுத்து நடத்தினார். 'பைத்தியக்காரன்' நாடகம் அங்கே பிறந்தது. 1947-ல் கிருஷ்ணன்-பஞ்சு அதைப் படமாக்கினார்கள். அதில் அவர்தான் நாயகன். கலைவாணர் விடுதலையாகி வந்து அதே படத்தில் நடித்தார். எம்.ஜி.ஆருக்கு அதில் சின்ன வேடம். அடுத்த பத்து வருஷத்தில் யார் எங்கே போனார்கள் என்பது ஊருக்கே தெரியும்.

நாயகனாக ஒன்றிரண்டு, மற்றதெல்லாம் அண்ணன், அப்பா, நீதிபதி, வாத்தியார், போலீஸ்காரர். இப்படியே கடைசிவரை. 1988-ல் இறந்தார். சினிமாவில் சம்பாதித்ததைச் சேவா ஸ்டேஜ் என்ற தன் நாடகக் குழுவில் கொண்டுபோய்ப் போட்டார். மற்றவர்கள் நிலம் வாங்கினார்கள். இவர் 'நாலு வேலி நிலம்' வாங்கினார், அதாவது தி. ஜானகிராமனிடமிருந்து நாடகமாக. அது 1959-ல் முக்தா சீனிவாசன் இயக்கிப் படமாகவும் வந்தது. 'வடிவேலு வாத்தியார்' நாடகமும் ஜானகிராமன் எழுதிக் கொடுத்தது. மணிக்கொடி பி.எஸ். ராமையாவிடம் 'தேரோட்டி மகன்', 'போலீஸ்காரன் மகள்'. சிறுகதைக்காரர்களை மேடைக்கு எழுத வைத்தவர் என்பதற்காகவே இவருக்கு ஒரு சிலை வைக்கலாம். வைக்க வேண்டாம், சிலைகள் போதும். நாடகங்களை ஒரு தடவை போட்டால் நல்லது. முத்துராமன் அந்த மேடையில் தேறி வந்தவர்தான்.

லண்டனிலும் இந்த வாழ்க்கை உண்டு. பகலில் ஸ்டுடியோ, இரவில் நாடகக் கொட்டகை. ஆலெக் கின்னஸ் ஒரே படத்தில், 1949-ல், எட்டு வேடம் கட்டியவர். அவருக்குச் சர் பட்டம் கொடுத்தார்கள். அங்கே நாடகம் நடிகனைத் தாங்கியது. இங்கே நடிகன் நாடகத்தைத் தாங்கினான். சகஸ்ரநாமம் தோளில் ஒரு குழுவே உட்கார்ந்திருந்தது.

*

'பராசக்தி'யை எத்தனையாவது தடவையாகப் பார்க்கிறேன் என்று கணக்கில்லை. 1952 தீபாவளிக்கு வந்த படம். அப்போது புதுச்சேரி இன்னும் பிரான்சு. விடுதலைக்கு இரண்டு வருஷம் இருந்தது.

ரங்கூனில் மூன்று அண்ணன்கள், மதுரையில் ஒரு தங்கை, கல்யாணி. கடைசி அண்ணன் குணசேகரன், சிவாஜி, அவருக்கு முதல் படம். யதார்த்தம் பொன்னுசாமிப் பிள்ளை கம்பெனியில் வளர்ந்த பையன். நடு அண்ணன் எஸ்.எஸ். ராஜேந்திரன், டி.கே.எஸ். கம்பெனி. மூத்தவர் சந்திரசேகரன், சகஸ்ரநாமம், அவரும் டி.கே.எஸ். கம்பெனி. பாய்ஸ் கம்பெனிப் பிள்ளைகள் மூன்று பேரும் ஒரே வீட்டுப் பிள்ளைகளாக வருகிறார்கள். ஒரு விதத்தில் அது உண்மையும்தான்.

நீதிமன்றக் காட்சி என்றாலே சிவாஜி பேசியதைத்தான் சொல்வார்கள். மு. கருணாநிதியின் வசனத்தை ஊரே மனப்பாடம் செய்தது. நான் படித்த காலத்தில்கூட, மேடை ஏறினால் அதை ஒருவன் கட்டாயம் பேசுவான். நாங்கள் குணசேகரன்கள் நூறு பேர் இருந்தோம். நீதிபதியாக உட்கார ஒருவனும் கிடைக்க மாட்டான். பெஞ்சில் ஒரு கறுப்புத் துணியைப் போட்டு, ஆள் இருப்பதாக வைத்துக்கொள்வோம்.

ஆனால் அதற்கு முன்னால் கல்யாணி கூண்டில் நிற்கிறாள். பெற்ற குழந்தையைக் கொன்றவள் என்று குற்றச்சாட்டு. தன் கதையைச் சொல்கிறாள். நீதிபதி நாற்காலியில் இருக்கும் சகஸ்ரநாமத்துக்கு அவள் முதலில் ஒரு குற்றவாளி, ஒரு கட்டுக் காகிதம். சொல்லிக்கொண்டே போகிறாள். அவள் யார் என்று அவருக்கு உறைக்கிறது. தான் தேடாமல் விட்ட தங்கை. மயங்கி விழுகிறார்.

அந்தக் கொஞ்ச நேரத்தில் அவருக்கு வேலை கேட்பது மட்டும். எழுந்து நின்று வாதாட முடியாது, அழ முடியாது. நீதிபதி. காகிதத்தைப் பார்க்கலாம், நிமிரலாம், அவ்வளவுதான் அனுமதி. தங்கை என்ற சொல்லை அவள் சொல்லவில்லை. அவர் முகம்தான் அதைச் சொல்ல வேண்டும். பேசுகிறவரின் சோகம் நம்மிடம் நேரே வருவதில்லை போலும். இடையில் ஒரு முகம் அதை வாங்கி, சூடாற்றி, நம் கையில் கொடுக்கிறது.

கொட்டகையில் தரை டிக்கெட் வாங்கி, கடைசியில் உட்கார்ந்து நாடகம் பார்த்தவனுக்கு இது கிடைத்திருக்காது. மேடையில் கேட்கிறவன் உடம்பு முழுக்கக் கேட்க வேண்டும், இல்லாவிட்டால் பின்வரிசைக்குத் தெரியாது. காமிரா கிட்டே போன பிறகு புருவம் போதும். இந்த இரண்டையும் தெரிந்துகொண்டு, ஒன்றை விட்டு ஒன்றுக்குத் தாண்டத் தெரிந்தவர்கள் குறைவு. மேடையில் பெயர் வாங்கிச் சினிமாவில் கத்தித் தோற்றவர்கள் ஏராளம். சகஸ்ரநாமம் சினிமாவில் குரலை இறக்கினார். சில படங்களில் கொஞ்சம் அதிகமாகவே இறக்கிவிட்டார் என்பேன், நல்லவர்களாகவே நடித்து நடித்து ஒரு சலிப்பு வந்துவிடும். 'போலீஸ்காரன் மகள்' அப்பா அப்படியில்லை. 1962, ஸ்ரீதர் படம். மேடையில் ஊறிய வேடம், காக்கிச் சட்டைக்குள் அப்பாவும் போலீஸ்காரனும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொள்ளாமல் நிற்பார்கள்.

*

கேட்பது என்றால் அழ வைப்பது மட்டும் இல்லை. 'காதலிக்க நேரமில்லை'யில் நாகேஷ் டி.எஸ். பாலையாவுக்குப் பேய்க்கதை சொல்லும் இடம். 1964. நாகேஷ் கதை சொல்கிறார், நாம் சிரிக்கிறோம். எதைப் பார்த்துச் சிரிக்கிறோம்? பாலையாவைப் பார்த்து. அவர் பயப்படாவிட்டால் அங்கே ஒன்றுமே இல்லை. பாலையாவும் நாடகத்தில் இருந்து வந்தவர்தான், 1936-ல் 'சதிலீலாவதி'யில் எம்.ஜி.ஆரோடு சேர்ந்து சினிமாவுக்குள் நுழைந்தவர். அந்தக் கண் உருட்டலை எந்த வாத்தியார் சொல்லிக் கொடுத்திருப்பார்?

*

சுடுகாட்டிலிருந்து எட்டி நடந்தால் சித்தானந்த சுவாமி கோயில். அந்தப் பக்கம் குயில் தோப்பு. பாரதி 'குயில் பாட்டு' எழுதியது இங்கேதான் என்று ஊர் சொல்லும். பழைய தோப்பு எங்கே இருக்கிறது, கட்டடங்கள் வந்துவிட்டன. இருந்தாலும் காலையில் குயில் கூவும். எல்லா ஊரிலும்தான் கூவும், ஆனாலும் இங்கே கூவினால் நின்றுவிடுவேன்.

பாரதி புதுச்சேரியில் இருந்தது 1908 முதல் 1918 வரை. சுவாமிகள் மதுரையில் பாலசபை தொடங்கிய அதே வருஷம் பாரதி இங்கிருந்து கிளம்பி, எல்லை தாண்டி, கடலூரில் பிடிபட்டார். 1921-ல் சென்னையில் இறந்தார். அடுத்த வருஷம் சுவாமிகள் இங்கே வந்து இறந்தார். ஒருவர் பாட்டு எழுதின இடமும் மற்றவர் படுத்திருக்கும் இடமும் ஒரே குப்பத்தில்.

'பாஞ்சாலி சபதம்' முதல் பாகம் 1912-ல் வெளிவந்தது, இந்த ஊர் நாட்களில். பல வருஷம் அது படிக்கிற கவிதையாகவே இருந்தது. அதைக் கவிதை நாடகமாக மேடை ஏற்றியது சேவா ஸ்டேஜ். சுவாமிகளிடம் படித்தவர்களிடம் படித்த ஒருவர், இதே ஊரில் வாழ்ந்த பாரதி எழுதியதை எடுத்து நடிக்கச் செய்தார். இந்த இரண்டு சமாசாரத்தையும் தனித்தனியாகப் பல வருஷம் தெரிந்து வைத்திருந்தேன். ஒருநாள் கோயில் திண்ணையில் உட்கார்ந்திருக்கும்போதுதான் ஒன்றின் பக்கத்தில் ஒன்று வந்து உட்கார்ந்தது.

அந்தக் கதையை மேடையில் நினைத்துப் பாருங்கள். ஒரு பெண் சபை நடுவில் நின்று நியாயம் கேட்கிறாள். சுற்றிலும் பெரியவர்கள். பீஷ்மர், துரோணர், விதுரன், கணவன்மார் ஐந்து பேர். திரௌபதி வேடம் கட்டியவளுக்கு வசனம் இருக்கிறது, துச்சாதனனுக்குக் கை இருக்கிறது. மற்ற பத்துப் பதினைந்து பேருக்கு என்ன வேலை? கேட்டும் கேளாதவர்களாக இருக்கும் வேலை. அதுதான் கஷ்டம். கல்யாணியின் கதையைக் கேட்டவர் மயங்கி விழுந்தார். அஸ்தினாபுரத்தில் ஒருவரும் மயங்கி விழவில்லை. நாற்காலிகள் உறுதியாக இருந்தன.

சேவா ஸ்டேஜ் மேடையில் அந்தச் சபையோர் எப்படி நின்றார்கள் என்று பார்க்க எனக்கு ஆசை. படம் பிடித்து வைக்காத நாடகம் பார்த்தவர்கள் கண்ணோடு போய்விடுகிறது.

*

காலாப்பட்டில் பல்கலைக்கழகத்தின் நாடகத் துறைக்குச் சங்கரதாஸ் சுவாமிகள் பெயரை வைத்திருக்கிறார்கள். இந்திரா பார்த்தசாரதி அங்கே தலைவராக இருந்து நடத்தினார். அங்கே படிக்கும் ஒரு பையன் பஸ்ஸில் பக்கத்தில் உட்கார்ந்து வந்தான். என்ன வேடம் பிடிக்கும் என்று கேட்டேன். "சார், இப்ப எங்களுக்குப் பத்து நாளா ஒரே பயிற்சிதான். ரெண்டு பேர் எதிரெதிரே உக்காரணும். ஒருத்தன் பேசணும், ஒருத்தன் கேக்கணும். கேக்கறவனுக்குத்தான் மார்க்."

மேலே ஏதோ சொல்ல வந்தான். அதற்குள் காலாப்பட்டு நிறுத்தம்.

*

நேற்று ராத்திரி ஒரு பரீட்சை செய்தேன். 'பராசக்தி'யைப் போட்டு, நீதிமன்றம் வந்ததும் டிவியின் சத்தத்தை முழுக்க நிறுத்திவிட்டேன். கல்யாணி வாய் அசைகிறது. நாற்காலியில் இருப்பவரை மட்டும் பார்த்தேன்.

அடுப்படியிலிருந்து குரல். "என்ன, சத்தத்தையே காணோம்? டிவி ரிப்பேரா?"

"இல்ல. பாத்துக்கிட்டிருக்கேன்."

கையைத் துடைத்துக்கொண்டு வந்து கட்டிலில் உட்கார்ந்தாள். கொஞ்ச நேரம் அவளும் பேசாமல் பார்த்தாள்.

"இவரு யாரு?"

"சகஸ்ரநாமம்."

"பேரு இப்பதான் கேக்கறேன். மூஞ்சி நல்லாத் தெரியும். எதுலயோ அப்பாவா வருவாரே." திரையில் அவர் குனிந்து காகிதத்தைப் பார்த்தார், நிமிர்ந்தார். "ஏன் இப்படி ஆயிட்டாரு? அந்தப் பொண்ணு என்ன சொல்லுச்சு?"

நான் சொல்ல ஆரம்பித்தேன். கேட்டுக்கொண்டே இருந்தவள், பாதியில் ரிமோட்டை எடுத்துச் சத்தத்தைக் கூட்டினாள்.